மாமாவின் கமராவும் மகளின் குரலும்

ஓஎல் (சாதாரண தரம்) எழுதி முடித்த மகளோடு மட்டக்களப்புக் கல்லடியிலிருந்து ஒரு தாய் என்னிடம் வந்திருந்தார். மகள் ராப் பாடுகிறாள். "ஆட்டக்காரியாக்கப் போறியா, உயர்தரத்தில பயோவில (உயிரியல் பிரிவில) போடு" என்கிறார் பெரியப்பா. கனடா மாமாவோ, உடுப்பைக் கொஞ்சம் 'மொடர்னாக' மாற்றினால் வீடியோவுக்குத் தானே காசு போடுவாராம். பாட்டு என்று போனால் பிள்ளையின் குரலை விட்டு உடம்பைத்தான் பார்ப்பார்களோ என்று தாய்க்குப் பயம். என்ன படிக்க வைப்பது என்று கேட்டபடி ஃபோனை நீட்டினார். அண்ணனின் தொளதொள டீசேர்ட்டோடு, அலுமாரியில் தொங்கும் சேலைகளுக்குள் தலையை நுழைத்துப் பாடுகிறாள் பிள்ளை. அப்போதுதான் எதிரொலி வராதாம்.

அம்மா, உங்கள் பயம் வீண் பயமில்லை. 1996இல் அமெரிக்க ராப் பாடகி லில் கிம்மின் முதல் அல்பத்துக்கு ஒட்டிய போஸ்டரில் அவர் பிகினியோடு குந்தியிருந்தார். அவர் பாட்டில் ஒரு வரி தெரியாதவர்களுக்கும் அந்தப் படம் தெரியும். (விரும்பி உடுத்துவது அவரவர் பாடு. மாமா தீர்மானிப்பது வேறு கதை.) மறுவருடமே இன்னொரு ராப் பாடகி மிஸ்ஸி எலியட், தன் வீடியோவில் ஊதிப் பெருத்த கறுப்பு உடுப்பில் உடம்பின் வடிவமே தெரியாமல் வந்து நின்றார். அதற்கு முன்பே அவர் மற்றவர்களுக்குப் பாட்டு எழுதிக் கொடுத்தவர், தயாரிக்கவும் தெரிந்தவர். தொழில் கையில் இருந்ததால் பேரம் பேச முடிந்தது. ராப் அடங்கிய ஹிப்ஹொப் இசையின் முதல் பெரிய ஹிட்டை 1979இல் தயாரித்ததே சில்வியா ரொபின்சன் என்ற பெண்தான்.

ஆகவே நான் சொல்வது ஒலிப்பதிவு. எங்கள் பக்கம் இதை ஒரு படிப்பாகவே யாரும் எண்ணுவதில்லை. சேலை அலுமாரியைக் கண்டுபிடித்த பிள்ளைக்குப் பாதி வேலை ஏற்கெனவே தெரியும். மைக் வாயிலிருந்து ஒரு சாண் தள்ளி இருக்கட்டும். 'ப' வரும்போது காற்று முட்டும். எம்பிராய்டரி வளையத்தில் மெல்லிய துணியை இழுத்துக் கட்டி முன்னால் வைத்தால் அடங்கும். குரலைத் தனியாகவும் பீட்டைத் தனியாகவும் பதிந்து ஒடாசிட்டி என்ற கணினி மென்பொருளில் சேர்த்துப் பழகட்டும், அது இலவசம். கோவில் திருவிழா, கல்யாண மண்டபம், குறும்படம் என்று சவுண்ட் தெரிந்த ஆளைத் தேடாத இடமில்லை.

பயோ வேண்டாம். அவளுக்கு மனமில்லாத பாடத்துக்கு டியூஷன் காசு கொட்டாதீர்கள். உயர்தரத்தில் சங்கீதமும் ஊடகக் கற்கையும் எடுக்கட்டும். உங்கள் கல்லடியிலேயே விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகம் இருக்கிறது, அரச பல்கலைக்கழகப் படிப்பு. கொழும்புத் தனியார் டிப்ளோமாவுக்காக நகை அடகுக்குப் போகவே கூடாது.

இன்னொன்று. அவள் எழுதும் வரிகள் அவளுடைய சொத்து. இலங்கையின் 2003ஆம் ஆண்டுப் புலமைச் சொத்துச் சட்டப்படி, வாழ்நாள் முழுவதும், அதன்பின் 70 வருடங்களும். வீடியோ எடுப்பவர் நீட்டும் கடதாசியில் சட்டத்தரணி பார்க்காமல் கையெழுத்து வைக்க வேண்டாம்.

மாமாவுக்கு உதவ ஆசையென்றால், வரும்போது ஒரு நல்ல மைக் கொண்டுவரச் சொல்லுங்கள். உடுப்பு வேண்டாம்.