பொழுதுமாற்றி: கதை எழுதுவோர் கேட்டவை

தொலைதூரக் கோள்களில் வாழும் இருவர் தத்தம் நேரத்தைக் கைமாற்றிக்கொள்ள உதவும் ‘பொழுதுமாற்றி’ என்னும் கற்பனைக் கருவியை வைத்துக் கதை எழுதும் நண்பர்கள் கேட்டவற்றுக்கு, இயற்பியல் அறிந்த அளவில் பதிலளிக்கிறேன்.

கேள்வி: பூமியில் ஒருவர் ஒரு மணி நேரத்தைக் கொடுக்க, செவ்வாயில் மற்றொருவர் அதைப் பெறுகிறார். இயற்கையில் இதற்கு ஒப்பானது உண்டா?

பதில்: பாதிதான் உண்டு. 1971இல் ஹாஃபலே, கீட்டிங் என்னும் அமெரிக்க அறிவியலாளர்கள் சீசியம் அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களில் ஏற்றி உலகைச் சுற்றியபோது, கிழக்கு நோக்கிப் பறந்தவை தரையில் இருந்தவற்றைவிட ஏறத்தாழ 59 நானோ வினாடி (ஒரு நானோ வினாடி என்பது வினாடியின் நூறு கோடியில் ஒரு பங்கு) பின்தங்கின. மேற்கு நோக்கிப் பறந்தவை ஏறத்தாழ 273 நானோ வினாடி முந்தின. ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்களும், திருத்தாமல் விட்டால், நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோ வினாடி (வினாடியின் பத்து லட்சத்தில் 38 பங்கு) முந்திவிடும். ஆனால் பின்தங்கிய 59 நானோ வினாடி வேறு எவர் கணக்கிலும் வரவாகவில்லை. இயற்கை காலத்தைக் கூட்டிக் குறைக்கிறதேயன்றி, பற்று வரவு எழுதுவதில்லை. அந்தப் பேரேட்டை நீங்கள்தான் புனைய வேண்டும். எவருடைய கடிகாரப்படி என்று சொல்லாமல் ‘ஒரு மணி நேரம்’ என்று மட்டும் எழுதாதீர்கள்.

கேள்வி: நேரத்தை விற்றவருக்கு நரை விழுமா?

பதில்: மருத்துவரைக் கேளுங்கள்.

கேள்வி: செவ்வாய்க்குச் செய்தி போய்ச் சேர எவ்வளவு நேரமாகும்?

பதில்: கோள்களின் நிலையைப் பொறுத்து 3 முதல் 22 நிமிடம் வரை. பழைய வணிகர்கள் உண்டியல் என்னும் பணச்சீட்டு எழுதி அனுப்ப, வெளியூரில் பணம் கைக்கு வந்ததைப் போல, உங்கள் கருவியும் சீட்டைத்தான் அனுப்ப முடியும்.

கேள்வி: குவாண்டம் பிணைப்பால் உடனடியாக அனுப்பலாமே?

பதில்: இயலாது. பிணைப்பு என்பது, தொலைவில் பிரிந்திருக்கும் இரு துகள்களின் அளவீடுகள் ஒன்றோடொன்று தொடர்புற்றிருப்பது. ஆனால் இரு முனைகளிலும் கிடைக்கும் அளவீடுகள் தனித்தனியே பார்த்தால் தாறுமாறானவை. அவற்றை ஒப்பிட்டுப் பொருள் காண, ஒளியை விஞ்சாத வேகத்தில் செல்லும் செய்தி ஒன்று வந்தாக வேண்டும்.

கேள்வி: கதைதானே, ‘உடனடி’ என்று எழுதினால் என்ன கேடு?

பதில்: ‘உடனடி’ என்றால் எவருடைய ‘இப்போது’? சார்பியல் கொள்கைப்படி, நகர்பவரின் ‘இப்போது’ நிற்பவரின் ‘இப்போது’ அன்று. 25 லட்சம் ஒளியாண்டுக்கு அப்பாலுள்ள ஆண்ட்ரோமெடா விண்மீன் மண்டலத்தை நோக்கி நீங்கள் சாதாரணமாக நடந்தால், அங்கே உங்கள் ‘இப்போது’ என்பது திண்ணையில் அமர்ந்திருக்கும் என்னுடைய ‘இப்போதை’விட ஏறத்தாழ நான்கு நாள் பிந்தையது.

கேள்வி: நடப்பவருக்கு அது தெரியவே போவதில்லை; வெறும் ஏட்டுக் கணக்கை வைத்து எங்களை மிரட்டுகிறீர்கள்.

பதில்: கருவி இல்லாதவரை அது ஏட்டுக் கணக்குத்தான், ஒப்புக்கொள்கிறேன். உடனடிக் கருவி வந்ததும் அந்த நான்கு நாள் கைக்கு எட்டுகிறது: ஒன்றுக்கொன்று நகர்ந்துகொண்டிருக்கும் இரண்டு கருவிகளைத் தக்கபடி அமைத்தால், நீங்கள் கேட்பதற்கு முன்பே மறுமொழி வந்துவிடும். ஒளியை விஞ்சும் சமிக்ஞை, விளைவைக் காரணத்துக்கு முந்த வைக்கும் என்பதை 1907இலேயே ஐன்ஸ்டைன் சுட்டிவிட்டார். கடன் வாங்குமுன் திருப்பித் தருபவரை வைத்து எப்படி வாணிகம் நடத்துவீர்கள்?

கேள்வி: எல்லாக் கருவிகளும், பெருவெடிப்பின் எச்சமாக அண்டமெங்கும் நிறைந்துள்ள நுண்ணலைப் பின்னணிக் கதிர்வீச்சைச் சார்ந்த ஒரே ‘இப்போதை’ப் பின்பற்றினால்?

பதில்: இன்றைய கேள்விகளில் எனக்குப் பிடித்தது இது. முரண் உண்மையிலேயே அகன்றுவிடும். நம் சூரியன் அக்கதிர்வீச்சைச் சார்ந்து வினாடிக்குச் சுமார் 370 கிலோமீட்டர் வேகத்தில் செல்வதால், பூமியில் உள்ள தரகர் அதற்கேற்பத் திருத்தம் செய்ய வேண்டியிருக்கும். அந்தத் திருத்தத்தில் கள்ளம் செய்பவரைக் கொண்டே ஒரு கதை எழுதலாம். சீராக நகரும் எவருக்கும் இயற்கை விதிகள் ஒன்றே என்னும் கொள்கையை மட்டும் கைவிட வேண்டும். அதுதான் விலை.

கேள்வி: ஐயா, குவாண்டம் பிணைப்பைப் பயன்படுத்தினால்?

பதில்: மேலே பாருங்கள்.

கேள்வி: கடன் வாங்கிய ஒரு மணி நேரம் எப்போது தீரும்?

பதில்: எவருடைய கடிகாரப்படி?