போர்க்காலத் தமிழ் சினிமாவில் மறந்துபோன நடிகை என்றால் என் ஓட்டு தவமணி தேவிக்குத்தான்

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் நடித்து, இன்று யாரும் பேசாத தமிழ் நடிகை ஒருவரைப் பற்றிச் சொல்லுங்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். இந்தக் கேள்விக்கு டி. ஆர். ராஜகுமாரி என்று எழுதத்தான் கை போகும். ஆனால் அவரை யார் மறந்தார்கள்? பாண்டிபஜாரில் அவர் பெயரில் தியேட்டரே இருந்தது. தியேட்டரும் இல்லாமல், பட்டிமன்றத்தில் பேச்சும் இல்லாமல் போனவர் கே. தவமணி தேவி. யாழ்ப்பாணத் தமிழ்ப் பெண். சினிமாவுக்கு வந்த பிறகு ‘சிங்களத்துக் குயில்’ என்று பட்டம் கொடுத்தார்கள்.

பழைய சினிமாப் பாட்டுப் புத்தகங்களைச் சேர்க்கும் கிறுக்கு எனக்குக் கொஞ்சம் உண்டு. தியேட்டர் வாசலில் அணாக் கணக்கில் விற்ற, மட்டித் தாளில் அச்சடித்த புத்தகங்கள். அவற்றில் ஒன்றைப் பார்த்துவிட்டு என் தாத்தா, “ஓ, அந்தச் சிலோன்காரியா!” என்று சொல்லிச் சிரித்ததும் பாட்டி எழுந்து உள்ளே போனதும் நினைவிருக்கிறது. அவரைப் பற்றி ஊர் என்ன நினைத்தது என்பது எனக்கு அப்போதே புரிந்துவிட்டது.

அவர் அறிமுகமான படம் 1937இல் வந்த ‘சதி அகல்யா’. சேலத்தில் டி. ஆர். சுந்தரம் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸின் முதல் படமும் அதுதான். கல்லாய்ச் சமைந்த ரிஷிபத்தினி அகலிகையாக நடிக்க வந்த பெண்ணை, நீச்சல் உடையில் எடுத்த புகைப்படங்களோடு பத்திரிகைக்காரர்களுக்கு அறிமுகப்படுத்தினார்கள். 1937இல்! புராணப் படம் பார்க்கக் குடும்பத்தோடு வண்டி கட்டிக்கொண்டு வந்த காலம் அது. பேச்சு கிளம்பாமல் இருக்குமா? சுந்தரத்துக்கு வேண்டியதும் அந்தப் பேச்சுதான் என்பது என் ஊகம். அவர் கெட்டிக்கார வியாபாரி. ஆனால் அந்தப் பேச்சுக்கான விலையைக் கொடுத்தது தவமணி தேவி. அதற்குப் பிறகு அவர் எந்த வேடம் போட்டாலும் ‘துணிச்சல்காரி’ என்ற முத்திரை முன்னால் வந்து நின்றது.

1940இல் எம். எஸ். சுப்புலட்சுமியும் ஜி. என். பாலசுப்ரமணியமும் நடித்த ‘சகுந்தலை’யில் அவருக்கு மேனகை வேடம். எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய படம். யோசித்துப் பாருங்கள்: கதாநாயகி எம்.எஸ்., அவருக்குத் தாய் தவமணி தேவி! சகுந்தலை என்றால் அடக்கம், மேனகை என்றால் மயக்கம். யாரை எதற்குக் கூப்பிடுவது என்பதில் அன்றைய சினிமாவுக்குக் குழப்பமே இருந்ததில்லை.

அடுத்த வருடம் ‘வனமோகினி’. அவர் பெயரை இன்றும் யாராவது சொல்கிறார்கள் என்றால் இந்தப் படத்தால்தான். 1936இல் டொரதி லாமூர் சரோங் (உடம்பில் சுற்றிக் கட்டும் ஒற்றைத் துணி) கட்டிக்கொண்டு காட்டுப் பெண்ணாக வந்த ஹாலிவுட் படம் உலகமெங்கும் ஓடியது. அதைப் பார்த்து நம்மவர்கள் எடுத்தது இது. எம். கே. ராதா கதாநாயகன். இயக்கியவர் பகவான், பிற்பாடு இந்தியில் பகவான் தாதா என்று நடனத்துக்குப் பேர் வாங்கியவர். சந்துரு என்ற யானையும் உண்டு, டைட்டிலில் அதற்கும் பெயர் போட்டார்கள். தவமணி தேவி அதே சரோங் பாணி உடையில் காட்டில் திரிவார், பாடுவார். ஆமாம், அவரே பாடுவார். ‘கவர்ச்சி நடிகை’ என்று ஒரே வரியில் அவரைத் தாண்டிப் போகிறவர்கள் விட்டுவிடுவது இதைத்தான். பின்னணிப் பாட்டு என்ற ஏற்பாடு 1938இல் ஏ. வி. மெய்யப்பனின் ‘நந்தகுமார்’ படத்தில்தான் தமிழுக்கு வந்தது. அது பரவும்வரை பாடத் தெரியாதவர் கதாநாயகியாக நிலைப்பது கஷ்டம். இவருக்குச் சங்கீதமும் தெரியும், நாட்டியமும் தெரியும்.

அப்புறம் போர் இங்கேயே வந்துவிட்டது. 1942 ஏப்ரலில் ஜப்பான் விமானங்கள் கொழும்பில் குண்டு போட்டன. குண்டு விழும் என்ற பயத்தில் சென்னை பாதி காலியானது. கச்சா பிலிம் கப்பலில் வர வேண்டிய சரக்கு. அதற்குத் தட்டுப்பாடு வந்ததும் படம் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று அரசாங்கம் கட்டுப்பாடு போட்டது. கிட்டத்தட்ட இரண்டு மணி நேரம். ஐம்பது பாட்டோடு ராத்திரி முழுக்க ஓட்டிய ஆட்களுக்கு அது பெரிய இடி. பிலிம் ரேஷன் ஆனபோது முதலாளிகள் எம். கே. தியாகராஜ பாகவதர், பி. யு. சின்னப்பா போல நிச்சயமாக ஓடும் குதிரைகள் மேல்தான் பணம் கட்டினார்கள். இரண்டாம் வரிசையில் இருந்தவர்களுக்கு அந்த வருடங்கள் நல்லதாக அமையவில்லை.

போர் முடிந்ததும் ஜூபிடர் பிக்சர்ஸ் அவரை அழைத்தது. 1946இல் ‘வித்யாபதி’யில் எம். என். நம்பியாரோடு நடித்தார். மறுவருடம் ‘ராஜகுமாரி’. எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனான படம். வசனத்தில் மு. கருணாநிதியின் கை. இயக்கம் ஏ. எஸ். ஏ. சாமி. கதாநாயகி கே. மாலதி. தவமணி தேவிக்கு, நாயகனை மயக்கப் பார்க்கும் ராணி வேடம். பத்து வருடம் கழித்தும் அதே வேலை! படப்பிடிப்பில் அவருடைய ரவிக்கையின் கழுத்து மிகவும் இறங்கியிருக்கிறது என்று இயக்குநர் ஆட்சேபித்தாராம். அவர் உடையை மாற்றவில்லை, ஒரு பூவைக் குத்திக்கொண்டு வந்து நின்றாராம். சினிமா வரலாறு எழுதுகிறவர்கள் இதைச் சிரிப்புக் கதையாகத்தான் சொல்கிறார்கள். எனக்கென்னவோ தன் உடையைத் தானே தீர்மானித்த ஒரு நடிகையின் பிடிவாதம்தான் தெரிகிறது. உங்களை இந்த மாதிரி வேடத்துக்கு மட்டும்தான் கூப்பிடுவோம் என்று சொல்லிவிட்டு, கழுத்து இறங்கியிருக்கிறது என்று குறைப்பட்டால் எப்படி?

அந்தப் படத்தில் வேலை செய்தவர்களில் இருவர் முதலமைச்சர்களானார்கள். இவர் கொஞ்ச காலத்தில் திரையிலிருந்தே விலகினார். திருமணம் செய்துகொண்டு இராமேஸ்வரத்தில் குடியேறி, 2001 பிப்ரவரியில் இறந்தார். சென்னைப் பக்கம் வந்து பேட்டி கொடுத்துக் காலத்தை ஓட்டுகிற ஆளாக அவர் இருக்கவில்லை.

சரி, எதைப் பார்க்கலாம்? 1930களின் தமிழ்ப் படங்களில் பெரும்பாலானவை அழிந்துபோயின. அவற்றைத் தேடி மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம். ‘ராஜகுமாரி’ இணையத்தில் கிடைக்கிறது. எம்.ஜி.ஆருக்காகப் பார்க்கத் தொடங்குவீர்கள், தப்பில்லை. அவர் இன்னும் கேமரா முன்னால் கொஞ்சம் கூச்சமாகத்தான் நிற்கிறார். தவமணி தேவி வரும் காட்சிகளில் யாருக்குக் கூச்சம் இல்லை என்று மட்டும் கவனியுங்கள்.