எஞ்சினைப் பறக்கவிடாமல் பிடித்து வைத்து அளப்பது எப்படி?

கேள்வி: களியக்காவிளைக்கு அருகில் ஒரு மேல்நிலைப் பள்ளியில் இயற்பியல் கற்பிக்கிறேன். எங்கள் பதினொன்றாம் வகுப்பு மாணவர்கள், மகேந்திரகிரியில் நடப்பதைப் போல ராக்கெட் எஞ்சினைத் தரையில் வைத்துச் சோதிக்கும் மேடையின் மாதிரி ஒன்றை அறிவியல் கண்காட்சிக்குச் செய்ய விரும்புகிறார்கள். பட்டாசு மருந்தைக் குழாயில் அடைத்து எரிக்கலாம் என்கிறார்கள் சிலர். உண்மையான சோதனையில் எதை அளக்கிறார்கள்? அதைப் பள்ளி அளவில் ஆபத்தில்லாமல் காட்ட முடியுமா?

பதில்: ஆசிரியை அவர்களுக்கு, முதலில் பட்டாசு மருந்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன்: அது கூடவே கூடாது. வெடிப்பதற்கென்றே கலக்கப்பட்ட அந்தத் தூள், அடைத்த குழாய்க்குள் எந்த வேகத்தில் எரியும் என்று முன்கூட்டிச் சொல்ல எவராலும் இயலாது. குழாய் பிளந்து சிதறினால், அருகில் நிற்கும் பிள்ளையின் கண்ணும் கையும்தான் முதலில் போகும். நீங்கள் காட்ட விரும்புவதற்கும் அது பொருந்தாது. திட எரிபொருளைப் பற்றவைத்துவிட்டால் எரிந்து முடியும் வரை நிறுத்த வழியில்லை. 2022 மே 13 அன்று ஸ்ரீஹரிகோட்டாவில் மனிதரை விண்ணுக்கு அனுப்பும் ககன்யான் திட்டத்துக்கான எச்எஸ்200 என்ற திட எரிபொருள் மோட்டாரைச் சோதித்தபோது, 203 டன் எரிபொருள் 135 நொடிகளில் எரிந்து தீர்ந்தது. ஏறத்தாழ 700 அளவுகள் பதிவாயின. திரவ எஞ்சினின் கதை வேறு. அதில் வால்வு இருக்கிறது; வால்வை மூடினால் எஞ்சின் நின்றுவிடும். உங்கள் மாதிரிக்கு இந்த வகையே ஏற்றது.

நாகர்கோவிலிலிருந்து ஆரல்வாய்மொழிக் கணவாயைக் கடந்து காவல்கிணறு நோக்கிப் போகும்போது இடப்புறம் தெரியும் மலைத்தொடரில்தான் மகேந்திரகிரி இருக்கிறது. அதன் அடிவாரத்தில் இஸ்ரோவின் உந்துவிசை வளாகம் அமைந்துள்ளது. திரவ எரிபொருளில் இயங்கும் விகாஸ் எஞ்சினையும், மிகக் குளிர்ந்து திரவமாகிய வாயுக்களை எரிக்கும் கிரையோஜெனிக் எஞ்சின்களையும் இங்கேதான் எரித்துப் பார்க்கிறார்கள். சுமார் 80 டன் உந்துவிசை தரும் விகாஸ் எஞ்சினை, வாயு வெளியேறும் கூம்பான நாசில் கீழ்நோக்கி இருக்குமாறு ஓர் எஃகுச் சட்டத்தில் பொருத்துகிறார்கள். எஞ்சின் மேல்நோக்கித் தள்ளும் விசை, அந்தச் சட்டத்தின் வழியே, விசையை அளக்கும் லோட் செல்களுக்கும், அவற்றிலிருந்து கான்கிரீட் கட்டுமானத்துக்கும் போய்ச் சேர்கிறது. கீழே பாயும் தீச்சுடரை வளைந்த எஃகுத் திசைதிருப்பி ஒன்று பக்கவாட்டில் தள்ளிவிட, அந்த எஃகு உருகிவிடாதபடி அதன்மேல் தண்ணீர் பீய்ச்சப்படுகிறது. எரிபொருளும், அது எரிய ஆக்ஸிஜன் தரும் ஆக்ஸிஜனேற்றியும் மேடையின் தொட்டிகளிலிருந்து குழாய்கள் வழியாக வருகின்றன. அருகில் மனிதர் எவரும் இருப்பதில்லை; எண்ணிக்கை தொடங்கியபின் வால்வுகளைத் திறப்பதும் மூடுவதும் கணினியின் வேலை.

எஞ்சின் எரிகிறதா என்று பார்ப்பதற்காக மட்டும் இவ்வளவும் செய்யப்படுவதில்லை. உந்துவிசை, எரியறையின் அழுத்தம், திரவங்கள் பாயும் வீதம், திரவங்களை எரியறைக்குள் செலுத்தும் டர்போ பம்பின் சுழற்சி வேகம், சுவர்களின் வெப்பநிலை, அதிர்வு ஆகிய அனைத்தும் வடிவமைப்பாளர் கணக்கிட்ட எல்லைக்குள் நிற்கின்றனவா, எவ்வளவு நேரம் நிற்கின்றன என்பதே கேள்வி. 2021 ஜூலை 14 அன்று விகாஸ் எஞ்சினை 240 நொடிகள் தொடர்ந்து எரித்ததும், சிஇ-20 கிரையோஜெனிக் எஞ்சின் மனிதரை ஏற்றிச் செல்லத் தகுதி பெறுவதற்காக, 6350 நொடிகள் போதும் என்ற விதி இருந்தும், நான்கு எஞ்சின்களில் 39 சோதனைகளாக மொத்தம் 8810 நொடிகள் எரித்ததும் இந்த உறுதிக்காகத்தான்.

இவற்றுள் உந்துவிசையை அளப்பது எளிதாகத் தோன்றும். உண்மையில் மிகுந்த கவனத்தைக் கோருவது அதுதான். எஞ்சினோடு பருமனான குழாய்கள் இணைந்திருக்கின்றன. உயர் அழுத்தத் திரவம் பாயும்போது குழாய் விறைத்துக்கொண்டு எஞ்சினை ஒரு பக்கம் தள்ளும். கிரையோஜெனிக் எஞ்சின் என்றால் மைனஸ் 183 பாகையில் திரவ ஆக்ஸிஜனும் மைனஸ் 253 பாகையில் திரவ ஹைட்ரஜனும் பாய்வதால், குழாய் சுருங்கி இழுக்கவும் செய்யும். லோட் செல்லுக்கு இந்த இழுப்பும் எஞ்சினின் உந்தலும் ஒன்றுதான். இரண்டையும் அது பிரித்துச் சொல்லாது. ஆகவே லோட் செல்லைத் தனியே ஆய்வகத்தில் சரிபார்த்தால் போதாது. குழாய்கள் எல்லாம் இணைந்திருக்கும் நிலையிலேயே, அளவு தெரிந்த விசையை மேடையின்மேல் செலுத்தி, கருவி என்ன காட்டுகிறது என்று ஒப்பிட்டுத் திருத்த வேண்டும். உங்கள் மாணவர்கள் இந்த ஒன்றை மட்டும் ஒழுங்காகச் செய்துவிட்டாலே, அவர்களுடைய மாதிரி வெறும் பொம்மையாக இராது என்பது என் உறுதியான கருத்து.

அடுத்தது நிறுத்தும் முடிவு. ஒவ்வோர் அளவுக்கும் ஓர் எல்லை முன்பே குறிக்கப்பட்டிருக்கும். அதைத் தாண்டினால் சோதனையை அந்த நொடியிலேயே முடித்துவிட வேண்டும். 2023 ஜூலை 1 அன்று மகேந்திரகிரியில் 2000 கிலோநியூட்டன் உந்துவிசைக்கான அரைக் கிரையோஜெனிக் எஞ்சினின் (திரவ ஆக்ஸிஜனோடு மண்ணெண்ணெயை எரிப்பது) இடைநிலை வடிவத்தை 4.5 நொடிகள் எரிக்கத் திட்டமிட்டிருந்தார்கள். 1.9 நொடி வரை எல்லாம் எதிர்பார்த்தபடி நடந்தது. அதன்பின், பம்பைச் சுழற்றும் டர்பைனின் அழுத்தம் திடீரென எகிறி, சுழற்சி வேகம் குறையவே, சோதனை நிறுத்தப்பட்டது. 2025 மார்ச் 28 அன்று அதே எஞ்சினின் பம்புகள் அடங்கிய தலைப்பகுதி 2.5 நொடிகள் வெற்றிகரமாக இயங்கியது. முதல் சோதனையைத் தோல்வி என்று எழுதுவது எனக்கு ஏற்புடையதல்ல. தரையில் நின்ற எஞ்சின், எங்கே குறை என்று தேட இடம் கொடுத்திருக்கிறது.

தரையில் கிடைக்காத ஒன்று வெற்றிடம். மேலடுக்கு எஞ்சின்களின் அகன்ற நாசிலைக் கடல்மட்டக் காற்றழுத்தத்தில் இயக்கினால், வெளியேறும் வாயு நாசில் சுவரை விட்டுப் பிரிந்து, கடுமையாக அதிரச் செய்யும். எனவே காற்றை வெளியேற்றிய அறைக்குள் அவற்றைப் பொருத்திச் சோதிக்கும் வசதி மகேந்திரகிரியில் உள்ளது. 2010 ஏப்ரல் 15 அன்று ஜிஎஸ்எல்வி டி3 ராக்கெட் பறந்தபோது, உள்நாட்டுக் கிரையோஜெனிக் எஞ்சின் பற்றிக்கொண்டும் எரிபொருள் பூஸ்டர் பம்பு நின்றுபோனதால் தொடர்ந்து இயங்கவில்லை. அதன்பின் பம்பைத் திருத்தியதோடு வெற்றிடத்தில் பற்றவைக்கும் சோதனைகளையும் நடத்தினார்கள். 2014 ஜனவரி 5 அன்று, அதே வகை எஞ்சினோடு பறந்த ஜிஎஸ்எல்வி டி5 வெற்றி பெற்றது. பள்ளி மாதிரியில் வெற்றிடத்தைத் தொட வேண்டாம். ஒரு விளக்கப்படம் போதும்.

இனி உங்கள் மாதிரி. தீயே வேண்டாம்; நீரும் காற்றும் போதும். இரண்டு லிட்டர் குளிர்பானப் பெட் பாட்டில் ஒன்றைத் தலைகீழாக ஒரு சட்டத்தில் பொருத்தி, அதன் வாயில் பிளம்பிங் கடையில் கிடைக்கும் T வடிவப் பித்தளை இணைப்பு (டீ) ஒன்றையும், அதற்குக் கீழே பந்து வால்வு (ball valve) ஒன்றையும், கடைசியில் 8 மில்லிமீட்டர் துளையிட்ட மூடியையும் இணையுங்கள். டீயின் பக்கவாயில் சைக்கிள் டியூப் வால்வைப் பொருத்தினால் காற்றடிக்கலாம். பாட்டிலில் 600 மில்லிலிட்டர் நீர், 2 பார் அழுத்தம், அதாவது பம்பின் அளவியில் ஏறக்குறைய 30 பிஎஸ்ஐ. அதற்கு மேல் வேண்டாம். இந்த அழுத்தத்தில் தொடக்க உந்துவிசை ஏறத்தாழ 20 நியூட்டன் இருக்க வேண்டும். அழுத்தத்தையும் துளையின் பரப்பையும் பெருக்கி இரட்டிப்பாக்கினால் இந்த எண் வரும். சட்டத்தை 5 கிலோ லோட் செல்லில் தாங்கச் செய்து, லோட் செல்லின் சிறு மின்குறிப்பை எண்ணாக்கும் எச்எக்ஸ்711 பலகை வழியாக ஆர்டுயினோ என்ற சிறு கணினிப் பலகையில் இணையுங்கள். எச்எக்ஸ்711 பலகை வழக்கமாக நொடிக்குப் பத்து அளவுகளே தரும். நீர் முக்கால் நொடிக்குள் தீர்ந்துவிடுவதால் ஏழெட்டுப் புள்ளிகளை வைத்து வரைபடம் வரைய முடியாது. அதே சில்லில் நொடிக்கு 80 அளவுகள் தரும் நிலையும் உண்டு, அதற்கு மாற்றிக்கொள்ளுங்கள்.

காற்றடிப்பதற்கு முன், பாட்டில் முழுவதும் நீரால் நிரப்பி 3 பார் வரை ஏற்றி, கசிவோ வீக்கமோ இருக்கிறதா என்று பாருங்கள். நீர் அழுத்தத்தில் அதிகம் சுருங்காது. ஆகவே பாட்டில் பிளந்தாலும் காற்றைப் போல வெடித்துச் சிதறாது. பெரிய அழுத்தக் கலன்களையும் இப்படி நீரால்தான் சோதிக்கிறார்கள். கீறல் விழுந்த பாட்டிலை உடனே தூக்கி எறியுங்கள். காற்றடிக்கும் மாணவர் உட்பட எல்லோரும் பாதுகாப்புக் கண்ணாடி அணிந்து, ஒட்டுப்பலகைத் தடுப்புக்குப் பின்னால் நிற்க வேண்டும். வால்வின் கைப்பிடியைக் கயிற்றால் இழுத்துத் திறக்கட்டும்.

அளவுத்திருத்தத்துக்குக் கடைப் படிக்கற்கள் போதும். ஆனால் பம்பின் ரப்பர்க் குழாய் இணைந்து, உள்ளே காற்றழுத்தமும் இருக்கும் நிலையில் ஒருமுறையும், குழாயைக் கழற்றி ஒருமுறையும் அதே படிக்கல்லை வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள். இரண்டு எண்களும் ஒத்துப்போகாவிட்டால், மகேந்திரகிரியின் பொறியாளர்கள் எதிர்கொள்ளும் சிக்கல் உங்கள் மேசைக்கே வந்துவிட்டது என்று பொருள்.

நீர் வெளியேற வெளியேறப் பாட்டிலின் எடை குறையும். 600 மில்லிலிட்டர் என்பது ஏறக்குறைய 6 நியூட்டன். நிரம்பிய பாட்டிலோடு கருவியைச் சுழியத்தில் வைத்துத் தொடங்கினால், உந்துவிசை முடிந்த பின்பும் வரைபடம் சுழியத்துக்குத் திரும்பாமல் 6 நியூட்டனில் நிற்கும். எஞ்சினைத் தனியே சோதிக்கும்போது தொட்டிகள் எஞ்சினோடு சேராமல் மேடையில் தனியே இருப்பதால் இந்தப் பிழை வராது. எச்எஸ்200 போன்ற பெரிய திட மோட்டாரோ படுக்கைவாட்டில் சோதிக்கப்படுவதால், குறையும் எடை உந்துவிசையின் திசையில் கலப்பதில்லை. மாணவர்கள் இந்த 6 நியூட்டனைப் படிப்படியாகக் கழித்துத் திருத்திய பிறகு, வளைகோட்டுக்குக் கீழுள்ள பரப்பைக் கண்டு, அதை வெளியேறிய நீரின் எடையால் வகுக்கட்டும். ஏறத்தாழ இரண்டு நொடி, அல்லது அதற்கும் குறைவாக விடை கிடைக்கும். எஞ்சின் வெளியேற்றும் பொருளை எவ்வளவு சிக்கனமாகப் பயன்படுத்துகிறது என்பதைக் காட்டும் அளவு இது. சிஇ-20 எஞ்சினுக்கு வெற்றிடத்தில் அதே அளவு சுமார் 442 நொடி. இரு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி, வரைபடத்தோடு பலகையில் ஒட்டுங்கள்.