நல்லாத் தெரியுற கண்ணை ஏன் மூடணும்?

கேள்வி: என் மகளுக்கு ஐந்து வயது. வலது கண் 'சோம்பேறிக் கண்' என்று நான்கு மாதமாகக் கண்ணாடி போடுகிறாள். இப்போது இடது கண்ணை, அதாவது நல்ல கண்ணை, தினமும் 2 மணி நேரம் பேட்ச் ஒட்டி மூடச் சொல்கிறார் டாக்டர். இருக்கிற பார்வையும் போய்விடாதா?

பதில்: முதலில் அந்தப் பெயரே தப்பு. கண்ணுக்குச் சோம்பல் இல்லை; சிக்கல் மூளையில்: அந்தக் கண் அனுப்புவதை மூளை சரியாகக் கவனிப்பதில்லை.

1960-களில் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் டேவிட் ஹூபெல், டார்ஸ்டன் வீசல் என்ற இரண்டு ஆய்வாளர்கள் பூனைக்குட்டிகளின் ஒரு கண் இமையை மட்டும் தைத்து மூடினார்கள். (படிக்கவே மனசு கேட்காது.) சில மாதம் கழித்துத் திறந்தால், வெளிச்சத்துக்குக் கண்ணின் பாவை ஒழுங்காகச் சுருங்கியது. ஆனால் அந்தக் கண்ணால் மட்டும் பார்க்கவிட்டால் குட்டி குருடுபோல் தடுமாறியது. மூளையின் பார்வைப் பகுதியில் அந்தக் கண்ணுக்கு வேலை செய்யும் நரம்பணுக்கள் அநேகமாக இல்லை. வளர்ந்த பூனையிடம் இந்தப் பாதிப்பு வரவில்லை.

உங்கள் கேள்விக்கு விடை 1965-இல் அவர்கள் வெளியிட்ட கட்டுரையில் இருக்கிறது. இரண்டு கண்ணையும் மூடினால் பாதிப்பு இரட்டிப்பாகும் என்றுதானே நினைப்போம்? எதிர்பார்த்ததைவிடக் குறைவாகவே இருந்தது. ஆக, வெளிச்சம் படாதது மட்டும் காரணமில்லை. ஊரில் இருக்கும் பங்காளி, வெளியூர் போனவன் பங்கையும் சேர்த்து உழுகிற மாதிரி, திறந்திருந்த கண் மற்றதன் இடத்தையும் பிடித்துக்கொண்டது. 1981-இல் இருவருக்கும் நோபல் கிடைத்தது. 1988-இல் ஹூபெல் பொது வாசகர்களுக்காகக் கண்ணையும் மூளையையும் பற்றி எழுதிய புத்தகத்திலும் இது விரிவாக வருகிறது.

பேட்ச் போடுவது அந்தப் பங்காளியை, அதாவது உங்கள் மகளின் இடது கண்ணை, 2 மணி நேரம் வரப்பில் உட்கார வைப்பதற்குத்தான். மிதமான பாதிப்புள்ள குழந்தைகளிடம் 2 மணி நேரத்தையும் 6 மணி நேரத்தையும் அமெரிக்காவில் ஒப்பிட்டார்கள். நான்கு மாத முடிவில் பலன் ஒன்றுதான். அதனால் சீக்கிரம் சரியாகட்டும் என்று நீங்களாக நேரத்தைக் கூட்டாதீர்கள். அளவுக்கு மீறி மூடினால் நல்ல கண்ணின் பார்வை குறைய வாய்ப்புண்டு. டாக்டர் சொன்ன தேதியில் இரண்டு கண்ணையும் சோதிப்பது இதற்காகத்தான்.

பேட்ச்சைக் கண்ணாடி மேல் ஒட்டாமல் தோலில் ஒட்டி, அதன்மேல் கண்ணாடியைப் போடுங்கள். கண்ணாடி மேல் ஒட்டினால் மூக்கோர இடுக்கு வழியாக எட்டிப் பார்ப்பாள். எல்லாப் பிள்ளைகளும் செய்வதுதான். அந்த நேரத்தில் வண்ணம் தீட்டுவது, மணி கோப்பது மாதிரி கிட்ட வைத்துச் செய்யும் வேலை கொடுங்கள். முதல் வாரம் மங்கலாகத் தெரிவதால் அழுவாள், பிய்த்தும் எறிவாள். அவள் பொம்மைக்கும் ஒரு பேட்ச் ஒட்டிப் பாருங்கள்.