பிரேசிலில் சீரியல் நடிகர்கள் அரசியலுக்குப் போவது சகஜமா? அப்படிப் போனவர்களில் உங்களுக்கு மறக்காதவர் யார்?

சகஜம்தான். நடிகர்களுக்கு ஆசை இருக்கிறதோ இல்லையோ, அந்த ஊர்த் தேர்தல் முறையே அவர்களை வா வா என்று கூப்பிடும்.

பிரேசிலின் கீழவைக்கு நமக்குப் பழக்கமான மாதிரி தொகுதி கிடையாது. ஒரு மாநிலம் முழுக்க ஒரே தொகுதி. சாவ் பாவுலோ மாநிலத்துக்கு 70 இடங்கள். நிற்கிற நூற்றுக்கணக்கானவர்களில் யாருக்கு வேண்டுமானாலும் மாநிலத்தின் எந்த மூலையில் இருப்பவரும் ஓட்டுப் போடலாம். இயந்திரத்தில் போன் நம்பர் அடிப்பது போல நான்கு இலக்க எண்ணை அடித்தால் வேட்பாளர் முகம் திரையில் வரும். பச்சைப் பொத்தானை அழுத்தினால் முடிந்தது. ஒருவர் வாங்கும் ஓட்டு அவரோடு நிற்பதில்லை, கட்சிக் கணக்கிலும் சேரும். 2010-ல் டிரிரிக்கா என்ற சர்க்கஸ் கோமாளி, டிவியில் காமெடி செய்தவர், 2222 என்ற எண்ணில் நின்றார். "எம்.பி. என்ன வேலை செய்வார்? எனக்கும் தெரியாது. ஓட்டுப் போடுங்கள், போய்ப் பார்த்துச் சொல்கிறேன்" என்பதுதான் பிரசாரமே. 13 லட்சத்து 50 ஆயிரத்துக்கு மேல் விழுந்தது. ஓர் இடத்துக்கு அப்போது சுமார் 3 லட்சம் போதும். மிஞ்சிய ஓட்டில் கூட்டணிக்காரர்கள் சிலரும் உள்ளே போய்விட்டார்கள். இப்படிப்பட்டவரை அங்கே 'ஓட்டு இழுப்பவர்' என்றே சொல்வார்கள்.

மாநிலம் முழுக்கத் தெரிந்த முகம் வேண்டும் என்றால் யாரிடம் போவது? நோவெலாவில் நடித்தவரிடம். நோவெலா என்பது அவர்களுடைய சீரியல். திங்கள் முதல் சனி வரை ராத்திரிச் சாப்பாட்டு நேரத்தில் வரும், ஏழெட்டு மாதத்தில் கதை முடிந்துவிடும். இழுத்துக்கொண்டே போகிற வழக்கம் இல்லை. அலெஷாந்த்ரே ஃப்ரோட்டா 2018-ல், அந்த வருஷம் ஜனாதிபதித் தேர்தலில் ஜெயித்த வலதுசாரி பொல்சொனாரோவின் அலையில் ஒன்றரை லட்சம் ஓட்டுக்கு மேல் வாங்கி எம்.பி. ஆனார், அடுத்த வருஷமே அவரோடு முட்டிக்கொண்டு கட்சியை விட்டு நீக்கப்பட்டார். இளைஞர் சீரியல் ஒன்றின் கதாநாயகனாக இருந்த மாரியோ ஃப்ரியாஸ், பொல்சொனாரோ அரசில் கலாச்சாரச் செயலாளராக இருந்துவிட்டு 2022-ல் எம்.பி. ஆனார். இவர்களைப் பற்றி எழுத எனக்குப் பெரிதாக ஒன்றுமில்லை.

மறக்காதவர் பெத்தே மெண்டிஸ். அங்கே 'பெச்சி' என்று உச்சரிப்பார்கள். முதல் தடவை கேட்டபோது நம்மூர்ப் பேச்சியம்மாள் யாரையோ சொல்கிறார்கள் என்று நினைத்தேன்.

கேட்டது 2016 ஏப்ரல் 17, ஞாயிற்றுக்கிழமை. வேலை விஷயமாக சாவ் பாவுலோ நகரில், விலா மரியானா பகுதியில், ஓய்வுபெற்ற டீச்சரம்மா ஒருவர் வீட்டின் பின்னறையில் குடியிருந்தேன். அன்று ஜனாதிபதி தில்மா ரூசெஃபைப் பதவிநீக்கம் செய்யும் நடவடிக்கை மீது கீழவையில் ஓட்டெடுப்பு. எல்லா எம்.பி.க்களும் ஒவ்வொருவராக மைக் முன்னால் வந்து சொல்ல வேண்டும். என் மனைவிக்காக, என் பேரனுக்காக, என் ஊருக்காக, கடவுளுக்காக என்று ஆளாளுக்கு ஓர் அர்ச்சனை. எனக்குப் போர்த்துகீசியம் அரைகுறை. சாமி கும்பிடும்போது பெயர், நட்சத்திரம் சொல்கிற மாதிரி இருந்தது. டீச்சரம்மா டிவி முன்னால் உட்கார்ந்து சௌசௌ தோல் சீவிக்கொண்டிருந்தார். அதன் பால் கையில் ஒட்டும் என்பதால் மடியில் தண்ணீர்ப் பாத்திரம், காயை அதற்குள் முக்கி முக்கிச் சீவுவார்.

இருட்டிய பிறகு பொல்சொனாரோவின் முறை வந்தது. அப்போது அவர் ரியோவின் எம்.பி.க்களில் ஒருவர், அவ்வளவுதான். கர்னல் பிரில்யாந்தே உஸ்திராவின் நினைவுக்கு, தில்மாவை நடுங்கவைத்தவரின் நினைவுக்கு என்று சொல்லித் தன் ஓட்டைப் போட்டார். டீச்சரம்மாவின் கத்தி தண்ணீருக்குள் நின்றது. அவர் சொன்ன ஒரே வார்த்தை "பெச்சி". எனக்கு ஒன்றும் புரியவில்லை. சமையல் முடிந்து சாப்பிடும்போதுதான் சொன்னார். மிச்சத்தை நானே தேடிப் படித்தேன்.

பெத்தே மெண்டிஸ் 1949-ல் சாந்தோஸ் துறைமுக நகரில் பிறந்தவர். 1968-ல் டூப்பி டிவியில் வந்த 'பெத்தோ ராக்ஃபெல்லர்' நோவெலாவில் ரெனாட்டா என்ற பணக்காரப் பெண். அதுவரை நோவெலா என்றால் அரண்மனை, பாலைவனம், செய்யுள் மாதிரி வசனம். இதில்தான் முதல் முறையாக சாவ் பாவுலோ தெருவில் பேசுகிற பேச்சு வந்தது, கதாநாயகன் ஒரு செருப்புக் கடை விற்பனையாளன். ஊரே பார்த்தது. பதின்மூன்று வயதில் தானும் ரெனாட்டா மாதிரி முடி வெட்டிக்கொள்ள அடம்பிடித்ததாக டீச்சரம்மா சொன்னார்.

ஊருக்குத் தெரியாத விஷயம், ரெனாட்டாவுக்கு இன்னொரு பெயர் இருந்தது. 1964-லிருந்து நாட்டை ராணுவம் ஆண்டுகொண்டிருந்தது. அதை எதிர்த்த தலைமறைவு அமைப்புகளில் ஒன்று வார்-பல்மாரெஸ். அதில் பெத்தேயின் பெயர் ரோசா. பின்னாளில் ஜனாதிபதியான தில்மாவும் அதே அமைப்பில்தான் இருந்தார். 1970-ல் இருவருமே வெவ்வேறு சமயத்தில் பிடிபட்டார்கள். பெத்தே கொண்டுபோகப்பட்ட இடம் டோய்-கோடி, ராணுவத்தின் விசாரணைக்கூடம். விசாரணை என்றால் சித்திரவதை. அங்கே தளபதி உஸ்திரா. கைதிகள் மத்தியில் அவருக்குப் புனைபெயர் 'டாக்டர் திபிரிசா'. பெத்தேயை ராணுவ நீதிமன்றம் பிறகு விடுவித்தது. அவர் மறுபடி நடிக்கப் போனார். ராத்திரி சாப்பிட்டுக்கொண்டே அவரைப் பார்த்தவர்களுக்கு இது எதுவும் தெரியாது.

1980-ல் தொழிலாளர் கட்சி தொடங்கியபோது அதில் இருந்தவர்களில் அவரும் ஒருவர். 1982-ல் எம்.பி. அந்தக் கட்சிக்கு முதல் முறையாகக் கிடைத்த எம்.பி.க்கள் மொத்தம் 8 பேர். இங்கேதான் கதை கொஞ்சம் சிக்கலாகும். ஜனாதிபதியை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று 1984-ல் லட்சக்கணக்கில் ஜனங்கள் தெருவுக்கு வந்தார்கள். சட்டத்திருத்தத்துக்கு 320 ஓட்டு தேவை, கிடைத்தது 298. ஆகவே 1985 ஜனவரி 15-ல் பழைய முறைப்படி ஒரு தேர்வுக்குழுதான் ஜனாதிபதியைத் தேர்ந்தெடுத்தது. அந்தக் குழுவே மோசடி, அதில் போய் ஓட்டுப் போடக் கூடாது என்றது கட்சி. ராணுவத்தின் காலம் முடிவதற்கு இதுதான் வழி என்றால் போட்டுத்தான் ஆக வேண்டும் என்று 3 எம்.பி.க்கள் எதிர்க்கட்சி வேட்பாளர் தன்கிரேதோ நெவிஸுக்குப் போட்டார்கள். மூவரும் கட்சியை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. பெத்தே அதில் ஒருவர். கட்சியின் பக்கமும் நியாயம் இருந்தது, மறுக்கவில்லை. ஆனால் கூண்டுக்குள் இருந்து வந்தவர் கதவு திறக்கிற சத்தம் கேட்டால் யார் திறக்கிறார்கள் என்றா பார்ப்பார்?

தன்கிரேதோ பதவி ஏற்கும் முன்பே நோயில் விழுந்து ஏப்ரலில் இறந்துபோனார். துணை ஜனாதிபதியாக நின்ற சார்நே ஜனாதிபதி ஆனார். ஆகஸ்ட் மாதம் சார்நே உருகுவே போனபோது உடன் போன குழுவில் பெத்தேயும் இருந்தார். அங்கே பிரேசில் தூதரகத்தின் ராணுவ அதிகாரியாக எதிரே நின்றவர் உஸ்திரா. சீருடை, பதவி, மரியாதை எல்லாவற்றோடும்.

ஊர் திரும்பியதும் பெத்தே சார்நேவுக்குக் கடிதம் எழுதினார். என்னைச் சித்திரவதை செய்தவர் இந்த நாட்டின் பெயரால் அங்கே உட்கார்ந்திருக்கிறார் என்பதுதான் அதன் சாரம். கடிதம் நாடு முழுக்க வெடித்தது.

டீச்சரம்மா அப்போது இதே வீட்டில் அப்பாவோடு இருந்தார். அப்பா ராணுவ ஆட்சியை நம்பியவர். ரோடு போட்டார்கள், ஒழுங்கு கொண்டுவந்தார்கள், கொடுமை நடந்தது என்பதெல்லாம் கம்யூனிஸ்ட் கட்டுக்கதை என்பவர். பாதிரியார் சொன்னார், பேராசிரியர் சொன்னார், பிள்ளையைப் பறிகொடுத்த தாய்மார் சொன்னார்கள், எதையும் அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. அன்று செய்தியில் பெத்தே முகம் வந்தது. அப்பா ஒன்றும் பேசவில்லை. எழுந்துபோய் டிவியை அணைத்தார், வாசல் படியில் ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தார். அப்புறம் அந்த விஷயத்தில் அவர் வாதாடவே இல்லையாம். "அவள் பொய் சொல்லமாட்டாள் என்று அவருக்குத் தெரியும். பதினேழு வருஷமாக எங்கள் வீட்டுக்கு வந்துபோகிறவள் அல்லவா" என்றார் டீச்சரம்மா.

இந்த ஒரு வரிக்காகத்தான் இந்தப் பதிலையே எழுத உட்கார்ந்தேன். யோசித்துப் பார்த்தால் அதில் தர்க்கமே இல்லை. திரையில் நடித்தவர் என்பதற்காக ஒருவர் சொல்வது உண்மையாகிவிடாது. அந்த நம்பிக்கையை வைத்துத்தான் கோமாளி 13 லட்சம் ஓட்டு வாங்கினார். ஆனால் அதே நம்பிக்கையை ஒரே ஒரு தடவை, தனக்கு நடந்ததைச் சொல்வதற்கு, செலவழித்தவர் இவர். என்னைக் கேட்டால் எம்.பி.யாக அவர் செய்த ஆகப்பெரிய வேலை அந்தக் கடிதம்.

பலன்? உடனடியாக ஒன்றுமில்லை. ராணுவ அமைச்சர் உஸ்திரா பக்கம் நின்றார். 1979-ல் ராணுவமே கொண்டுவந்த பொதுமன்னிப்புச் சட்டம் சித்திரவதை செய்தவர்களுக்கும் கவசமாகிவிட்டது. உஸ்திரா கடைசிவரை மறுத்தார். வேறொரு குடும்பம் போட்ட வழக்கில் 2008-ல்தான் சாவ் பாவுலோ நீதிமன்றம் அவரைச் சித்திரவதை செய்தவர் என்று அறிவித்தது. தண்டனை இல்லை, அறிவிப்பு மட்டும். 2015-ல் இறந்தார். ஆறு மாதம் கழித்து, நான் சௌசௌ சீவுவதைப் பார்த்துக்கொண்டிருந்த அந்த ராத்திரி, அவர் பெயருக்கு ஓர் ஓட்டு விழுந்தது.

பெத்தே 1986-ல் வேறு கட்சியில் நின்று மறுபடி ஜெயித்தார், கொஞ்ச காலம் மாநிலக் கலாச்சாரத் துறையைப் பார்த்தார், பிறகு நடிப்புக்கே திரும்பிவிட்டார். 1996-ல் 'ஓ ரேய் தோ காதோ' நோவெலாவில் தோனானா என்ற பண்ணைவீட்டுப் பெண்மணி. நிலமற்றவர்களின் போராட்டத்தைச் சொன்ன கதை அது. அதில் கொல்லப்படுகிற ஒரு கற்பனை செனட்டரின் அஞ்சலிக்கு எதுவார்தோ சுப்ளிசி, பெனெதித்தா தா சில்வா என்ற இரண்டு நிஜ செனட்டர்கள் நிஜப் பெயரிலேயே வந்து நின்றார்கள். அந்த ஊரில் இந்தப் பாதை இருவழிப்பாதை.

இனி ரெஜினா துவார்த்தே. இவரைச் சொல்லாமல் இந்தக் கேள்விக்குப் பதில் முடியாது. 1971 முதல் 'பிரேசிலின் செல்லக் காதலி' என்றே பட்டம். ராணுவ ஆட்சிக் காலத்திலேயே, விவாகரத்து சட்டமாகி இரண்டே வருஷத்தில், 1979-ல் விவாகரத்தான பெண்ணாக ஒரு தொடரில் நடித்தவர், அதைக் குறைத்துப் பேச மாட்டேன். பெத்தே கடிதம் எழுதிய அதே 1985 ஆகஸ்டில் நாடே ராத்திரி பார்த்தது 'ரோக்கே சான்டெய்ரோ'வில் ரெஜினாவின் விதவை போர்சினாவை. அந்த நோவெலாவை 1975-லேயே எடுத்து, முதல் நாளன்று தணிக்கைக்காரர்கள் தடுத்துவிட்டார்கள். ராணுவம் போன பிறகுதான் புதிதாக எடுக்க முடிந்தது.

2002 ஜனாதிபதித் தேர்தலில், தொழிலாளர் கட்சியின் லூலா வந்தால் என்ன ஆகுமோ, எனக்குப் பயமாக இருக்கிறது என்று எதிர்த் தரப்பு விளம்பரத்தில் பேசினார் ரெஜினா. லூலா ஜெயித்தார். 2020-ல் பொல்சொனாரோ கலாச்சாரச் செயலாளர் பதவிக்குக் கூப்பிட்டபோது, அரசோடு நிச்சயதார்த்தம் நடக்கிறது என்று பத்திரிகைகளுக்குச் சொன்னார். நோவெலா பாஷை விடவில்லை. குளோபோ டிவியில் ஐம்பது வருஷத்தை முடித்துக்கொண்டு மார்ச் 4-ல் பதவியேற்றார். மே 7-ல் சி.என்.என். பிரேசில் பேட்டி. ராணுவ ஆட்சியில் நடந்ததைக் கேட்டபோது, சித்திரவதை எப்போதும் இருந்ததுதான், ஸ்டாலின் காலத்தில் இல்லையா, ஹிட்லர் காலத்தில் இல்லையா என்று சிரித்தபடி கடந்து, ஒரு பாட்டும் பாடிக் காட்டினார். 1970 உலகக் கோப்பைப் பாட்டு. ராணுவ அரசு தன் புகழுக்கு ஊர் ஊராக ஒலிக்கவிட்ட பாட்டு. அதே வருஷம்தான் பெத்தேயைப் பிடித்துப் போனது. மே 20-ல் ரெஜினாவின் பதவி போனது. பதிலுக்கு சாவ் பாவுலோவின் திரைப்படக் காப்பகம் தருவதாகச் சொன்னார்கள், அதுவும் கிடைக்கவில்லை.

நான் அப்போது ஊரில் ஊரடங்கில் கிடந்தேன். டீச்சரம்மா அந்தப் பேட்டித் துண்டை வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தார், கூட ஒரு வார்த்தைகூட எழுதாமல். சில மாதம் கழித்துப் பேசியபோது பின்னால் டிவி சத்தம். ரெஜினா நடித்த 1988-ன் 'வாலி தூதோ'வை குளோபோவின் இணையத் தளத்தில் போட்டிருந்தார்களாம். கடற்கரையில் சாண்ட்விச் விற்று நேர்மையாகப் பிழைக்கிற ராக்கேல் அதில் அவர்.

"ரெஜினாவையா பார்க்கிறீர்கள்?" என்றேன்.

"ராக்கேலைப் பார்க்கிறேன்" என்றார்.