பயறு வேகட்டும், பழம் காத்திருக்கட்டும்

போன இதழில் ஜமைக்காவின் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாட்டைப் பற்றிப் போகிற போக்கில் நாலு வரி எழுதியிருந்தேன். நான் கிங்ஸ்டனில் ஒன்பது வருஷம் குடியிருந்தவள் என்று தெரிந்ததும், அங்கே 'ரைஸ் அண்ட் பீஸ்' என்று சொல்லும் தேங்காய்ப்பால் பயற்றுச் சோற்றைப் பற்றியே கேள்விகள் வந்து குவிந்துவிட்டன. அந்தச் சோற்றை எனக்குக் கற்றுக்கொடுத்தவர் எங்கள் வீட்டுக்காரம்மா. நான் சொல்வதில் பாதி அவர் சொன்னது.

கேள்வி: சிவப்பு பீன்ஸ், தேங்காய்ப்பால், அரிசி எல்லாம் சேர்த்துக் கரீபியச் சோறு செய்தேன். வாசனையாக இருக்கட்டும் என்று ஒரு அன்னாசியை நறுக்கிப் பயறோடு முதலிலேயே போட்டேன். மூன்று மணி நேரம் கொதித்தும் பயறு வேகவில்லை. தேங்காய்ப்பாலும் திரிந்துவிட்டது. பயறு பழசாக இருக்குமோ?

பயறு பழசாக இருந்தாலும் வேகாதுதான். ஆனால் நீங்கள் எழுதியதைப் பார்த்தால் காரணம் அன்னாசி. பயறு மெத்தென்று ஆவதற்கு அதன் தோலையும் உள்ளிருக்கும் செல்களையும் ஒட்டவைத்திருக்கும் பெக்டின் என்ற பசை கரைய வேண்டும். புளிப்பு அதைக் கரையவிடாது. எலுமிச்சை, தக்காளி, புளி, அன்னாசி, எதைப் போட்டாலும் பயறு அரைவேக்காட்டிலேயே நின்றுவிடும். பால் திரிந்ததற்கும் அதே புளிப்புதான் காரணம்.

இதே தப்பை நானும் செய்தேன். குடிபோன இரண்டாவது மாதம், வீட்டுக்காரம்மாவைச் சாப்பிட அழைத்திருந்தேன். அவர் வந்ததும் நேராக அடுப்புக்குப் போய், கரண்டியில் ஒரே ஒரு பயறை எடுத்து ஊதி, கட்டைவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்து அழுத்தினார். தோல் மட்டும் வழுக்கியது, உள்ளே சுண்ணாம்புக் கட்டி போல வெள்ளையாக நின்றது. அதை என் உள்ளங்கையில் வைத்துவிட்டு, "பழத்துக்குத் தட்டில் இடம் இருக்கிறது, பானையில் இல்லை" என்றார். அன்றிலிருந்து இன்றுவரை நான் இதை மாற்றியதில்லை. பயறு வெந்து, அரிசி வெந்து, சோறு தட்டுக்கு வந்த பிறகுதான் பழம்.

உப்பைப் பற்றிய பயம் மட்டும் வேண்டாம். உப்புப் போட்டால் பயறு வேகாது என்று பலரும் நம்புகிறார்கள். ஊறவைக்கும் தண்ணீரில் கொஞ்சம் உப்புப் போட்டால் தோல் இன்னும் மிருதுவாகத்தான் ஆகும்.

இனி செய்முறை. ஒரு கப் சிவப்பு பீன்ஸ், அதாவது ராஜ்மா. இரவே ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிடுங்கள். நல்ல தண்ணீர் ஊற்றி, நசுக்கிய பூண்டு நாலு பல் போட்டு வேகவையுங்கள். முதல் பத்து நிமிடம் தளதளவென்று கொதிக்கட்டும், அதன் பிறகு தீயைக் குறைக்கலாம். ஒரு மணி நேரத்துக்கு முன்னே பின்னே ஆகும். விரலால் அழுத்தினால் மசிய வேண்டும், ஆனால் உடைந்திருக்கக் கூடாது. வெந்த தண்ணீர் செம்மண் நிறத்தில் இருக்கும். அதைக் கொட்டிவிடாதீர்கள், சோற்றுக்கு நிறம் தருவதே அதுதான்.

அதில் ஒரு தேங்காயின் கெட்டிப்பால், தைம் செடியின் கொத்து மூன்று, இலேசாகத் தட்டிய வெங்காயத்தாள் இரண்டு, ஆல்ஸ்பைஸ் எட்டுப் பத்து மணி, உப்பு. ஆல்ஸ்பைஸை ஜமைக்காவில் பிமென்டோ என்பார்கள். கிராம்பும் பட்டையும் ஜாதிக்காயும் ஒன்றாக மணப்பது போலிருக்கும், ஆனால் அது ஒரே மரத்தின் காய். மேலே ஒரு முழு ஸ்காட்ச் பானெட் மிளகாயை மிதக்கவிடுங்கள். பத்து நிமிடம் எல்லாம் சேர்ந்து கொதித்த பிறகு, இரண்டு கப் நீள அரிசியைக் கழுவிப் போடலாம். பயறு வெந்த தண்ணீரும் பாலும் சேர்ந்து புழுங்கலரிசிக்கு நாலு கப், பச்சரிசிக்கு மூன்றரை. தண்ணீர் அரிசி மட்டத்துக்கு இறங்கியதும் தீயை அடியோடு குறைத்து, பானை வாயில் அலுமினியத் தாளைப் போட்டு அழுத்தி மூடுங்கள். இருபது, இருபத்தைந்து நிமிடம். கிளறவே வேண்டாம்.

கேள்வி: காலையில் வேலைக்குப் போகும்போது மெதுவாக வேகவைக்கும் மின்சாரப் பானையில் பயறைப் போட்டுவிட்டுப் போகலாமா?

ராஜ்மாவை அப்படிச் செய்யவே கூடாது. இதை நான் அழுத்திச் சொல்கிறேன். பச்சை ராஜ்மாவில் லெக்டின் என்ற புரத வகையைச் சேர்ந்த ஒரு நச்சு உண்டு. சரியாக வேகாத நாலைந்து பயறு வயிற்றுக்குள் போனால்கூட மூன்று மணி நேரத்துக்குள் வாந்தி வந்து ஆளை உலுக்கிவிடும். நன்றாகக் கொதித்தால்தான் அது அழியும். அந்தப் பானையின் சூடு கொதிநிலைக்கு வராமலே நின்றுவிடலாம். 80 டிகிரி அளவில் நச்சு குறைவதற்குப் பதிலாகக் கூடவும் செய்யும். குறைந்தது ஐந்து மணி நேரம் ஊறவைத்து, தண்ணீரை மாற்றி, அடுப்பில் பத்து நிமிடமாவது குமுறக் கொதிக்கவிட்ட பிறகு அந்தப் பானைக்கு மாற்றுங்கள். அமெரிக்க உணவுத் துறை அரை மணி நேரம் கொதிக்கச் சொல்கிறது, அது இன்னும் நல்லது. பிரஷர் குக்கரில் இந்தக் கவலை இல்லை.

கேள்வி: இதை ஏன் 'பீஸ்' என்கிறார்கள்? போடுவது பீன்ஸ்தானே?

ஜமைக்காவில் பயறு எல்லாமே 'பீஸ்'. கிறிஸ்துமஸ் சமயத்தில் ராஜ்மாவுக்குப் பதில் கங்கோ பீஸ் போடுவார்கள், அதாவது பச்சைத் துவரை. அப்போதுதான் அது காய்ப்புக்கு வரும். போர்ட்டோ ரிக்கோவின் பண்டிகைச் சோற்றிலும் அதே துவரைதான். டிரினிடாட்டில் சர்க்கரையை எண்ணெயில் கருக்கி அதில் கோழியைப் புரட்டி, துவரையோடு 'பெலாவ்' செய்கிறார்கள். கியூபாவில் கறுப்பு பீன்ஸ் போட்டால் அதற்கு 'மோரோஸ் இ கிறிஸ்தியானோஸ்' என்று பெயர், சிவப்புப் போட்டால் 'கொங்ரீ'. ஹைட்டியிலும் உண்டு, கயானாவிலும் உண்டு. அடிமைகளாகப் பிடித்துக் கொண்டுவரப்பட்ட மேற்கு ஆப்பிரிக்க மக்களின் கைப்பழக்கம்தான் இத்தனை இடங்களிலும் சோறாக வேகிறது. கானாவில் இன்றும் அரிசியையும் பயறையும் சேர்த்து வேகவைத்து 'வாச்சே' என்று விற்கிறார்கள்.

ஜமைக்கா மக்கள் இந்தச் சோற்றைச் செல்லமாக 'கோட் ஆஃப் ஆர்ம்ஸ்', அதாவது நாட்டுச் சின்னம் என்பார்கள். நிஜமான நாட்டுச் சின்னத்தில் சிவப்புச் சிலுவையின் மேல் ஐந்து அன்னாசிகள் இருக்கின்றன. முதல் கேள்வி கேட்ட சகோதரிக்கு இது ஆறுதலாக இருக்கும். அன்னாசி அந்த மண்ணுக்கு அவ்வளவு நெருக்கம்தான், பானைக்குள் போடுவதுதான் கூடாது.

கேள்வி: அப்படியானால் எந்தப் பழத்தை எப்படிப் பரிமாறுவது?

ஒரே ஒரு பழம்தான் வைக்க முடியும் என்றால் நான் பழுத்த ப்ளான்டைனைத்தான் சொல்வேன். சமைத்துச் சாப்பிடும் பெரிய வாழை அது. கடையில் மஞ்சளாகப் பளபளப்பதை வாங்கிய அன்றே பொரிக்காதீர்கள், மாவு மாதிரி இருக்கும். தோல் முக்கால்வாசி கறுக்கும்வரை விட்டு வையுங்கள். பார்ப்பவர்கள் அழுகிவிட்டது என்பார்கள், பொருட்படுத்த வேண்டாம். சாய்வாக அரை அங்குலக் கனத்தில் நறுக்கி, மிதமான தீயில் கொஞ்சம் எண்ணெயில் போடுங்கள். அந்த அளவு பழுத்ததில் சர்க்கரை அதிகம், தீ கூடினால் கண் மூடித் திறப்பதற்குள் கருகிவிடும். ஓரம் செம்பழுப்பாகி, நடுவில் முள்கரண்டி தடையில்லாமல் இறங்க வேண்டும். தேங்காய்ப்பாலின் உப்புச் சுவையும் இந்த இனிப்பும் ஒரே வாயில் சேரும்போதுதான் அந்தச் சோறு முழுமையாகிறது என்று நான் நம்புகிறேன்.

அன்னாசியையும் மாங்காயையும் பச்சையாகவே வையுங்கள். டிரினிடாட்டில் 'சௌ' என்று ஒன்று செய்வார்கள். செங்காயான மாங்காயைத் துண்டு போட்டு, பூண்டு, உப்பு, எலுமிச்சைச் சாறு, மிளகாய், ஷாடோ பெனி என்கிற நீள இலைக் கொத்தமல்லி எல்லாம் சேர்த்துப் பிசறி, அரை மணி நேரம் ஊறவிட வேண்டும். அன்னாசியிலும் அப்படியே செய்யலாம். பயற்றுச் சோறு கனமானது. இரண்டு கவளத்துக்கு ஒரு துண்டு சௌ கடித்தால் நாக்கு மறுபடி விழித்துக்கொள்ளும்.

அக்கி என்ற பழத்தைப் பச்சையாகச் சேர்க்கலாமா என்று இன்னொருவர் கேட்டிருக்கிறார். கூடாது. ஜமைக்காவின் தேசியப் பழம்தான் என்றாலும், மரத்திலேயே தானாக வாய் பிளக்காத அக்கி விஷம். பிளந்த பிறகும் மஞ்சள் சதையை மட்டும் எடுத்து, விதையையும் இளஞ்சிவப்பு நாரையும் நீக்கி, வேகவைத்த தண்ணீரைக் கொட்டிவிட்டுத்தான் சமைப்பார்கள். பழக்கமில்லாதவர்கள் டப்பாவில் வருவதை வாங்குவதே நல்லது.

கேள்வி: ஸ்காட்ச் பானெட்டை ஏன் நறுக்கக் கூடாது? முழுசாகப் போட்டால் காரம் இறங்குமா?

உங்களுக்கு வேண்டியது காரமல்ல, அதன் மணம். பழுத்த பழம் போல ஒரு வாசனை அந்த மிளகாய்க்கு உண்டு. அது தோல் வழியாக ஆவியிலேயே இறங்கிவிடும். உள்ளே இருக்கும் காரம், மிளகாய்க் காரத்தை அளக்கும் ஸ்கோவில் அலகில் ஒரு இலட்சத்துக்கு மேல் போகும். வெடித்துவிட்டால் பானை முழுவதும் குழந்தைகள் தொட முடியாத சோறாகிவிடும். காரம் தண்ணீரில் கரையாது, ஆகவே சோற்றைக் கழுவியும் பயனில்லை. இன்னும் கொஞ்சம் தேங்காய்ப்பால் ஊற்றிப் பார்க்கலாம், அவ்வளவுதான்.

அதனால்தான் காம்போடு, கீறல் இல்லாத மிளகாயாகப் பார்த்துப் போட வேண்டும். எங்கள் வீட்டுக்காரம்மா மூடியைத் திறந்ததும் முதலில் தேடுவது அதைத்தான். காம்பைப் பிடித்து மெதுவாகத் தூக்கி, எங்காவது கிழிந்திருக்கிறதா என்று ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்து, தனிக் கிண்ணத்தில் வைப்பார். அதன் பிறகுதான் முள்கரண்டியைக் கையில் எடுத்துச் சோற்றை உதிர்க்க ஆரம்பிப்பார்.