தாழை வளர்ப்பு: கேள்வி பதில்

கேள்வி: எங்கள் வாய்க்கால் கரையில் தாழைப் புதர் பத்து வருஷமாக நிற்கிறது. ஒரு தாழம்பூகூடப் பறித்ததில்லை. என்ன குறை ஐயா?

பதில்: அன்னாசி மாதிரி காய் தொங்குகிறதா, பாருங்கள். தொங்கினால் அது பெண் தாழை. தாழையில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. கூந்தலில் சூடும் தாழம்பூ ஆண் செடியில் மட்டும்தான் வரும். வெளிர்மஞ்சள் மடலை விரித்தால் உள்ளே மாவு உதிரும் கதிர் இருக்கும். பெண் செடிக்கு எவ்வளவு உரம் வைத்தாலும் அந்தப் பூ வராது. காயும் இல்லை, பூவும் இல்லை என்றால் மேலே மரம் கவிந்திருக்கிறதா என்று பார்த்து, கிளை கழித்து வெயில் விழச் செய்யுங்கள்.

கேள்வி: விதை போட்டு வளர்க்கலாமா?

பதில்: முளைக்கும். ஆனால் ஆணா பெண்ணா என்பது பூக்கும்வரை தெரியாது. அத்தனை வருஷம் காத்திருந்து பெண்ணாகப் போனால் மனசு விட்டுப்போகும். பூத்த ஆண் செடியின் பக்கக்கன்றையே வாங்குங்கள். தாய் எதுவோ கன்றும் அதுவே.

கேள்வி: கன்றை எப்படிப் பிரித்து நடுவது?

பதில்: மழை தொடங்கும்போது பிரியுங்கள். முழங்கை நீளமாவது இருக்க வேண்டும். அடியில் வேர்முனை தெரிந்தால் இன்னும் நல்லது. கீழ் இலை மடல்களை உரித்து, மேல் மடல்களைப் பாதியாக நறுக்குங்கள். இப்படிச் செய்யாவிட்டால், வேர் பிடிப்பதற்குள் இலை வழியாக ஈரம் போய்க் கன்று வாடிவிடும். ஒன்றரை அடிக் குழியில் மணலும் மட்கிய தொழுவுரமும் கலந்து நட்டு, அடிமண்ணை நன்றாக மிதியுங்கள். ஆடுகிற கன்று வேர் விடாது. கன்றுக்குக் கன்று பத்தடி வேண்டும்.

ஓடைக்குள் நடாதீர்கள், கரையின் மேல்சரிவில் நடுங்கள். தண்டிலிருந்து இறங்கி ஊன்றும் முட்டுவேர் கரை மண்ணை இறுகப் பிடிக்கும். அதே வேர் குறுகிய வாய்க்காலுக்குள் இறங்கினால் குப்பை சிக்கித் தண்ணீர் அடைபடும்.

இலை மடலின் இரு விளிம்பிலும் முள் உண்டு, அடிப்பக்க நடுநரம்பிலும் உண்டு. இந்த மூன்றாவது வரிசைதான் கையைக் கிழிப்பது. தடித்த தோல் கையுறை இல்லாமல் தொடாதீர்கள்.

கேள்வி: வாசனைக்குப் பாம்பு வரும் என்கிறார்களே ஐயா?

பதில்: வாசனைக்கு வருவதில்லை. அடர்ந்த புதரில் எலியும் தவளையும் ஒதுங்கும், அவற்றைத் தேடி வரும். காய்ந்த மடல்களை நீள அரிவாளால் கழித்து, அடியில் வெளிச்சம் தெரிய வைத்தால் போதும்.

கேள்வி: எப்போது பறிப்பது?

பதில்: மழைக்காலப் பூவே அதிகம். பூவின் மடல் வெளுத்து, நுனி நெகிழத் தொடங்கும்போது விடியற்காலையில் அறுங்கள். மடல் முழுதும் விரிந்துவிட்டால் மணம் சீக்கிரம் போய்விடும்.

கேள்வி: பூ விற்று வருமானம் வருமா?

பதில்: நாலைந்து செடிக்கு உள்ளூர்ப் பூக்கடை போதும். ஒடிசாவின் கஞ்சம் மாவட்டத்தில் இது பெரிய தொழில். செப்பு அண்டாவில் தண்ணீரோடு பூவைக் காய்ச்சி, ஆவியைச் சந்தன எண்ணெயில் இறக்கி அத்தர் எடுக்கிறார்கள். அங்கேயும் கணக்கு ஆண் செடியை வைத்துத்தான்.